மத்திமத்தில் ஐந்து நாள்

எழுபத்திரண்டை ஐந்தால் பெருக்கினால் முந்நூற்று அறுபது. இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்த அன்று எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துப் போனது. ஊருக்கும் சிலிர்க்கும் என்று நம்பினேன். அந்த நம்பிக்கையிலேயே ஏழு வருஷம் போயிற்று. ஊருக்கு ஒன்றும் சிலிர்க்கவில்லை. ஊருக்கு ராகுகாலம் எத்தனை மணிக்கு என்று தெரிந்தால் போதும்.

நானே யோசித்துச் செய்த ஒரு காலண்டரைப் பற்றிச் சொல்கிறேன். அதை அச்சுப் போட வேண்டும், பேர் வாங்க வேண்டும் என்றெல்லாம் எனக்கு ஆசை இருந்ததில்லை. எங்கள் வீட்டுச் சுவரைத் தவிர இன்னொரு வீட்டுச் சுவரில் அது தொங்க வேண்டும். அந்த வீட்டில் ஒருத்தராவது அதைப் பார்த்து இன்றைக்கு என்ன நாள் என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான் கேட்டேன். ஆனால் அந்த ஒரு சுவருக்காக என் தங்கையின் கல்யாணத்தையே சூதில் வைத்த மாதிரி ஆகிவிட்டது. அதைச் சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

நான் படித்தது நாலாம் வகுப்பு. மில்லில் நூல் சுற்றுகிற பகுதியில் வேலை. அப்பா காலமான பிறகு அம்மா, தங்கை, நான் என்று மூன்று பேர். குருசுக்குப்பத்துக்கு இந்தப் பக்கம் ஒரு சந்தில் ஓட்டு வீடு. காலை ஷிப்டுக்கு ஐந்து மணிக்கே கிளம்பிவிடுவேன். அந்த நேரத்தில் கடல் பக்கம் எந்த நட்சத்திரம் ஏறுகிறது என்று பார்த்துக்கொண்டே நடப்பது என் வழக்கம். கரையில் வலை அடுக்குகிறவர்கள் கார்த்திகைக் கூட்டத்தை ‘ஆறாமீனு’ என்பார்கள். “இன்னிக்கு என்னா தேதிங்க?” என்று அவர்களில் ஒருத்தரைக் கேட்டேன். “தேதிய நீ வச்சிக்க. காத்து எந்தப் பக்கம்னு கேளு, சொல்றேன்” என்றார். இந்த மாதிரிப் பேச்சுக்கு நான் அடிமை. யார் என்ன சொன்னாலும் மனசுக்குள் முடிந்து வைத்துக்கொள்வேன்.

முக்கியமாக, நாளைப் பற்றி ஜனங்கள் சொல்வது. மீன் கூடைக்கார அம்மா ஒருத்தி தன் பிள்ளைகளின் வயதைச் சொன்னாள்: “பெரியவன் பொறந்தது பெரும்புயலுக்கு மறாநாளு. ரெண்டாவது, எம் புருசன் சுங்கச்சாவடில மாட்டுனானே, அந்த வாரம்.” அவளுக்குத் தேதி தேவைப்படவில்லை. நாளுக்கு ஒரு முகம் இருந்தால் போதும். பதினேழு, பதினெட்டு என்று வெறும் எண்ணாக இருந்தால் யாருக்கு ஞாபகம் இருக்கும்?

ஐம்பத்து நாலாம் வருஷம் ஐப்பசியில் பிரெஞ்சுக் கொடி இறங்கியது. தபால்தலை மாறியது. ஆபீஸ் பலகைகள் மாறின. போலீஸ்காரர்களின் சிவப்புத் தொப்பி மட்டும் அப்படியே இருந்தது. இத்தனை மாறும்போது நாட்களின் பெயரும் மாறினால் என்ன என்று எனக்கு ஒரு எண்ணம். அந்தச் சமயத்தில்தான் அது காதில் விழுந்தது.

நாங்கள் காபி குடிக்கிற கிளப்புக்குப் பின்னால் ஒரு கொட்டகை. அதில் பேண்டு செட்டுக்காரர்கள் பழகுவார்கள். அவர்களுடைய வாத்தியார் பாட்டைப் போல ஒன்றைச் சொல்லச் சொல்ல, கிளாரினெட், டிரம்பெட் ஆட்கள் திருப்பிச் சொன்னார்கள்: இந்து, நேத்ர, அக்னி, வேத, பாண, ருது, ரிஷி, வசு, பிரம்ம, திசி, ருத்ர, ஆதித்ய. என்ன இது என்று போய்க் கேட்டேன். ராகங்களுக்கெல்லாம் தாயாக எழுபத்திரண்டு ராகம் இருக்கிறது. அதை ஆறு ஆறாகப் பிரித்தால் பன்னிரண்டு சக்கரம். அவற்றின் பெயர்தான் இவை என்றார். ஒன்றாவதுக்கு இந்து, ஏனென்றால் சந்திரன் ஒன்று. இரண்டு கண், மூன்று தீ, நாலு வேதம், ஐந்து அம்பு, ஆறு பருவம், ஏழு ரிஷி. அப்படியே போய்ப் பன்னிரண்டு சூரியனில் முடிகிறது.

எனக்குக் காபி ஆறிப்போனது. சந்திரனில் ஆரம்பித்துச் சூரியனில் முடிகிறது. நடுவில் ஆறு பருவமும் வடக்கே தெரிகிற ஏழு ரிஷிகளும். பன்னிரண்டு கட்டம். ஐயா, இது பாட்டுக் கணக்கா? இது வருஷம் அல்லவா! சங்கீதக்காரர்கள் கையில் வைத்துக்கொண்டே காணாமல் போக்கிவிட்டார்களே என்று எனக்குப் பதைப்பு. வீட்டுக்கு வந்து நூல் பொதி சுற்றி வருகிற நீலக் காகிதத்தில் கணக்குப் போட்டேன். ஒரு ராகத்துக்கு ஐந்து நாள். ஆறு ராகம் ஒரு மாதம். முந்நூற்று அறுபது. மிச்சம் ஐந்து நாள் ராகம் இல்லாமல் நின்றது. அவற்றுக்குச் ‘சுருதி நாள்’ என்று பெயர் வைத்தேன். தம்பூரா மட்டும் ஓடுகிற மாதிரி, அந்த ஐந்து நாளும் யாரும் சத்தம் போட்டுப் பேசக்கூடாது என்று சட்டமும் எழுதினேன்.

“மொதல்ல நீ ஆரம்பி” என்றாள் தங்கை.

சித்திரை ஒன்றில் முதல் ராகமான கனகாங்கியின் முதல் நாள். ஒவ்வொரு ராகத்துக்குக் கீழேயும் விடியற்காலை ஐந்து மணிக்குக் கிழக்கே எந்த நட்சத்திரம் தெரியும் என்று நானே பார்த்து எழுதினேன். பெரிய தாளாக நாலு பிரதி. முதல் பிரதியைக் காபி கிளப்பில் கொண்டுபோய் மாட்டினேன். முதலாளி நல்ல மனிதர், மறுக்கவில்லை.

அது இரண்டு மாதம் தொங்கியது. ஒருநாள் ஒரு வாடிக்கைக்காரர், “இன்னிக்கு என்னா கெழமங்க?” என்று கேட்டிருக்கிறார். முதலாளி சுவரைப் பார்த்து, “ரூபவதி, நாலாம் நாளு” என்றிருக்கிறார்.

“எந்த ரூபவதி?”

“அதுக்கு முந்தி அஞ்சு நாளு கோகிலப்பிரியா.”

“அதுக்கும் முந்தி?”

“நாடகப்பிரியா.”

“ஆளுக்கு அஞ்சு நாளா! குடுத்து வச்ச மனுசன்யா நீ.”

உள்ளே தோசைக்கல்லிடம் நின்ற அவர் சம்சாரம் கரண்டியோடு வெளியே வந்திருக்கிறாள். நான் சாயங்காலம் போனபோது சுவரில் ஆணி மட்டும் இருந்தது. “தம்பி, ஒனக்குக் காப்பி என்னிக்கும் உண்டு. அந்தக் காயிதம் மட்டும் இந்த வாசப்படி ஏறக் கூடாது” என்றாள். எழுபத்திரண்டில் பாதிக்கு மேல் பெண் பெயராகத் தொனிப்பதற்கு நான் என்ன செய்வேன்?

அடுத்த வருஷம் மில்லில் என் பக்கத்து மெஷின்காரரிடம் கொடுத்தேன். ஐந்து நாளுக்கு ஒரு வாரமா என்று கேட்டுக்கொண்டார். “அப்ப அஞ்சு நாளைக்கு ஒருக்கா லீவு வுடச் சொல்லு. வுட்டான்னா இப்பவே மாட்டறேன்” என்றார். ஞாயிற்றுக்கிழமை எங்கே என்று தெரியாத காலண்டரை வைத்துக்கொண்டு அவர் என்ன செய்வார்? சரி என்று மூலையில் சிவப்பு மசியில் ஞாயிறு குறித்தேன். அதற்கடுத்த வருஷம் அமாவாசை கேட்டார்கள். குறித்தேன். அதற்கும் அடுத்த வருஷம் ராகுகாலம். நாலு நாள் முரண்டு பிடித்தேன், பிறகு அதையும் எழுதினேன். ஒவ்வொரு வருஷமும் ஒரு படி இறங்கினேன். கடைசியில் என்ன சொன்னார்கள் தெரியுமா? “இதெல்லாம் போட்டதுதான் எங்க வூட்ல ஏற்கெனவே ஒன்னு தொங்குதே!”

இதற்கு மேல் என்னைக் குத்தியது மேரியில் நடந்தது. எங்கள் ஊரில் நகராட்சி ஆபீஸை மேரி என்றுதான் சொல்வோம். பிறப்பு, இறப்புப் பதிகிற ஒரு பெரியவர் அங்கே இருந்தார். நன்றாகப் பிரெஞ்சு படித்தவர், பேச்சில் எல்லாரும் அவருக்கு முசே, அதாவது ஐயா. ஏதோ பக்கத்து வீட்டுக் குழந்தைக்காகச் சாட்சி சொல்லப் போனவன், கையில் இருந்த தாளை அவரிடம் காட்டிவிட்டேன். மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு பார்த்தார்.

“பன்னெண்டு மாசம். மாசத்துக்கு முப்பது நாளு. கடசியில அஞ்சு நாளு தனியா. ஏன் முசே, இத எங்க புடிச்ச?”

“நானே கண்டுபுடிச்சதுங்க.”

“பிரான்சுல ராசா தலைய வெட்டுனான் பாரு, அந்தக் காலத்துலயே பண்ணிப் பாத்துட்டான். இதே கணக்கு. முப்பது நாளு மாசம், கடசியில அஞ்சு. பனி மாசம், மழ மாசம்னு பேருகூட வச்சான்.”

“அப்பறம்?” என்றேன்.

“அப்பறம் என்னா? பன்னெண்டு வருசம் பாத்தான், கைய ஒதறிட்டான். அவங்கிட்ட பட்டாளம் இருந்திச்சி, பீரங்கி இருந்திச்சி. ஒங்கிட்ட என்னா இருக்கு? ஒரு நீலக் காயிதம்.”

அவர் சிரிக்கவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னார். சிரித்திருந்தால் சண்டை போட்டிருப்பேன். கொடி இறக்கி அனுப்பிவிட்டோம் என்று இருந்தேன். கடைசியில் என் மூளைக்குள்ளேயும் முன்னாலேயே வந்து போயிருக்கிறார்களே! இரண்டு வாரம் அந்தத் தாளைத் தொடவில்லை.

பிறகு ரோஷம் வந்தது. அவர்கள் ஐந்து நாளைக் கடைசியில் வைத்தார்களா? நான் கடைசியில் வைக்கப் போவதில்லை. எங்கே வைக்கலாம் என்று பஞ்சாங்கத்தைப் புரட்டினால் ஒரு அதிசயம். சித்திரை முதல் புரட்டாசி வரை ஆறு மாதத்தைக் கூட்டினால் நூற்று எண்பத்தேழு நாள் வருகிறது. ஐப்பசி முதல் பங்குனி வரை நூற்று எழுபத்தெட்டுதான். சூரியன் முதல் பாதியில் ஆறப்போட்டு நடக்கிறது, இரண்டாம் பாதியில் ஓடுகிறது. ராகத்திலும் அதே மாதிரி நடுவில் ஒரு கோடு உண்டு. எழுபத்திரண்டில் முதல் முப்பத்தாறுக்கு ஒரு விதமான ‘ம’, மத்திமம். பின் முப்பத்தாறுக்கு வேறு மத்திமம். அந்த இரண்டு மத்திமத்துக்கும் நடுவில் ஐந்து நாளையும் வைத்துவிட்டால்? ராகமும் கோணாது, வானமும் கிட்டத்தட்ட சரியாகிவிடும். கிட்டத்தட்டத்தான். இரண்டு நாள் உதைத்தது. அந்த இரண்டு நாள் இன்றைக்கும் உதைக்கிறது.

இந்தப் புதுக் கணக்கில் முதல் பாதி பழையபடி இருக்கும். பின் பாதியில் எல்லா ராகமும் ஐந்து நாள் தள்ளி வரும். இதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். நான் எல்லாரிடமும் இதைத்தான் கெஞ்சினேன்.

அறுபதாம் வருஷ வாக்கில் எனக்கு ஒரு ஆள் கிடைத்தான். உழவர்கரைப் பையன், பையன் என்ன, இருபத்தாறு இருபத்தேழு வயசு. வீட்டில் கொஞ்சம் நிலம், அம்மாவும் அவனும் பார்க்கிறார்கள். கல்யாணத்துக்கும் மாதா கோயில் தேருக்கும் பேண்டு செட்டில் கிளாரினெட் ஊதுவான். கிளப்புக்குப் பின்னால் அந்தக் கொட்டகையில் என் கையிலிருந்த பழைய தாளைப் பார்த்து, “அண்ணே, இது எனக்கு வேணும்” என்றான். எனக்குக் காது கேட்கிறதா என்றிருந்தது.

“எதுக்குப்பா?”

“தெனம் எத ஊதிப் பழகறதுன்னே கொழம்புவேன். இத மாட்டிட்டா செவுத்தப் பாத்தா போதும். அஞ்சு நாளைக்கு ஒன்னு.”

அவன் அதை மாட்டினான். நான் போய்ப் பார்த்துவிட்டே வந்தேன். நெல் குதிருக்கு மேலே, வாசல் வெளிச்சம் விழுகிற இடத்தில் தொங்கியது. அவன் அம்மா, “தம்பி, இந்தக் காயிதம் வந்ததுலேருந்து இவன் ஊதறதக் கேட்டுக் கன்னுக்குட்டி தாயிகிட்டயே போவ மாட்டேங்குது” என்று குறைப்பட்டாள். எனக்கு அது பாராட்டாகவே பட்டது. என்னைப் பார்க்கும்போதெல்லாம் அவன், “அண்ணே, இன்னிக்கு சூலினி மூணாம் நாளு” என்பான். உலகத்தில் அந்த வார்த்தையைச் சொல்ல எனக்கு இன்னொரு வாய் கிடைத்துவிட்டது.

என் தங்கைக்கு அப்போது இருபத்து நாலு நடந்துகொண்டிருந்தது. அதற்குள் நாலு பேர் வந்து பார்த்துவிட்டுப் போயிருந்தார்கள். வாய் ஜாஸ்தி என்று ஒருத்தர், நிறம் மட்டு என்று ஒருத்தர், பதிலே சொல்லாமல் இரண்டு பேர். ஒவ்வொரு தரமும் அவள் புடவையை மடித்துப் பெட்டியில் வைப்பதைப் பார்க்க எனக்கு முடியாது. இந்தப் பையனுக்குக் கொடுத்தால் என்ன என்று அம்மாவிடம் சொன்னேன். நல்ல குடும்பம், குடி கிடையாது. என் மனசுக்குள் இன்னொரு காரணமும் இருந்தது, ஒளிப்பானேன்: கொடுத்தால் அந்தச் சுவர் எங்கேயும் போகாது.

ஜாதகம் கைமாறியது. அவன் அம்மா, “பொருத்தம் பாத்துக்கிட்டே இருக்கட்டும், பொண்ணப் பாக்க வர நாளு ஒன்ன நீங்களே சொல்லுங்க” என்று சொல்லி அனுப்பினாள். வேறு எவனாக இருந்தாலும் திங்கட்கிழமை வாருங்கள் என்று எழுதியிருப்பான். எனக்கு அப்படி எழுதக் கை வரவில்லை. என் காலண்டரில் ஒரு நல்ல காரியத்துக்கு நாள் குறிக்கிற வாய்ப்பு முதல்முதலாக வந்திருக்கிறது. அதிலும் மாசி மாதத்தில் வருவது கல்யாணி! அவனுக்குக் கார்டு எழுதினேன்: “கல்யாணி இரண்டாம் நாள் வரவும். அந்த ஐந்தும் மத்திமம் என்பதை மறக்க வேண்டாம்.”

சுருதி நாள் ஐந்தும் இப்போது நடுவில், மத்திமத்தில் வந்துவிட்டது, அதனால் ஐந்து நாள் தள்ளி எண்ணு என்று அர்த்தம். புதுத் தாளை எழுதி முடித்து அவனுக்குக் கொடுக்க நேரமில்லை. ஆனால் நடுவுக்கு மாற்றியதை வாயால் இரண்டு தரம் சொல்லியிருந்தேன். நான் ஜாக்கிரதையாகத்தான் இருந்தேன் என்பதற்காகச் சொல்கிறேன்.

கார்டு போன சமயம் அவன் செட்டோடு காரைக்கால் போயிருந்தான். அவன் அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. பக்கத்து வீட்டார் படித்துச் சொன்னார்கள். ஜாதகப் பொருத்தத்தை எதிர்பார்த்திருந்த அந்த அம்மாளுக்கு மத்திமம் என்றால் ஒரே அர்த்தம்தான். உத்தமம், மத்திமம், பொருந்தாது என்று ஜோசியர்கள் சொல்கிறார்களே, அந்த மத்திமம். பத்துப் பொருத்தத்தில் ஐந்து சுமார் என்று எடுத்துக்கொண்டாள். “பொண்ணு வூட்டுக்காரனே கூசாம எழுதியிருக்கான் பாரு. ஒளிவுமறைவு இல்லாத மனுசன். மிச்சம் அஞ்சு இருக்குதில்ல, போதும்” என்றாளாம். மகன் ஊரிலிருந்து வந்ததும், கல்யாணி இரண்டாம் நாள் வரச் சொல்லியிருக்கிறது என்று மட்டும் சொன்னாள். அவன் சுவரைப் பார்த்தான். பழைய தாள். நாளைக்கே கல்யாணி இரண்டாம் நாள். அதோடு நாளைக்கு மாசிமகம். கடல் தீர்த்தத்துக்கு எப்படியும் வண்டி கட்டுகிறார்கள். “அண்ணன் அத நெனச்சித்தான் நாளு குறிச்சிருக்காரு” என்று அவனுக்கு என் மேல் மரியாதை வேறு கூடிப்போயிற்று.

மாசிமகத்தன்று நானும் அம்மாவும் கடலுக்குப் போனோம். எங்கெங்கிருந்தோ சாமிகள் எல்லாம் கரைக்கு வந்து நிற்கிற நாள். கூட்டத்தில் முழுகி எழுந்தோம். அவர்களும் அதே அலையில்தான் கொஞ்ச தூரத்தில் முழுகியிருக்கிறார்கள். தங்கை வரவில்லை. ஐந்து நாளில் ஆட்கள் வருகிறார்கள், சுவருக்குச் சுண்ணாம்பு அடிக்க வேண்டும் என்று வீட்டிலேயே இருந்துவிட்டாள்.

நாங்கள் ஈரத் துணியோடு சந்துக்குள் திரும்பினால், வாசலில் ஒரு மாட்டு வண்டி. உள்ளே எட்டிப் பார்த்தேன். கூடத்தில் அவனும், அவன் அம்மாவும், அவன் மாமா ஒருத்தரும் உட்கார்ந்திருந்தார்கள். தரையெல்லாம் சுண்ணாம்புத் தண்ணீர். ஈரம் படாமல் உட்கார நீலத் தாள்கள் விரித்திருந்தன. என் தாள்கள். ஏழு வருஷத்துத் தாளும். அந்த அம்மாளுக்குக் கீழே ஆறாவது சக்கரம் முழுக்க இருந்தது. மாமா சங்கராபரணத்தின் மேல் வெற்றிலைப் பெட்டியை வைத்திருந்தார். என் தங்கை புடவையை இழுத்துச் செருகி, தலையில் துணி கட்டி, மூக்கெல்லாம் வெள்ளைப் புள்ளியாக, மட்டையால் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்துக்கொண்டிருந்தாள்.

“வாடா தம்பி” என்றாள் அந்த அம்மாள், அவள் வீடு மாதிரி. “வந்தோம். இந்தப் பொண்ணு வாசலுக்கு வந்து, யாருன்னுச்சி. நீ யாரும்மா, எதுக்கு இன்னிக்குச் சுண்ணாம்பு அடிக்கறன்னேன். திங்கக்கெழம என்னப் பாக்க வராங்கன்னிச்சி. அது நாங்கதாம்மான்னேன்.”

அம்மா அப்படியே நிலைப்படியைப் பிடித்துக்கொண்டாள். எனக்கு ஐந்தாவது ஆளும் போச்சு என்றிருந்தது. இத்தனைக்கும் காரணம் நான் எழுதிய ஒரு கார்டு.

“அதுக்கு இவ என்னா சொன்னா?” என்றேன் மெதுவாக.

“என்னா சொல்லுவேன்?” என்றாள் தங்கை, திரும்பாமலே. “வந்தவங்களத் திருப்பியா அனுப்ப முடியும்? உக்காருங்க, இன்னும் ஒரு செவுரு பாக்கி, முடிச்சிட்டு வந்து காப்பி போடறேன்னேன்.”

“அந்தச் சொல்லு போதும் எனக்கு” என்றாள் அந்த அம்மாள். “பாதில வுட்டுட்டு ஓடிப்போயிப் புடவ மாத்திக்கிட்டு வந்திருந்தா நான் எழுந்துருச்சிப் போயிருப்பேன்.”

மாமா மட்டும் விஷயத்துக்கு வந்தார். “ஐந்தும் மத்திமம்னு எழுதியிருந்தீங்களே தம்பி, எந்தெந்த அஞ்சு?” நான் விளக்கினேன். ஐந்து சுருதி நாள், இரண்டு விதமான ‘ம’, சூரியன் ஆறப்போட்டு நடப்பது, எல்லாம் விளக்கினேன். விளக்க விளக்க அவர் என்னையும் சுவரையும் மாறி மாறிப் பார்த்தார். அவன் ஒருத்தன்தான், “அடடா, ஆமாண்ணே, சொன்னீங்க, நாந்தான் மறந்துட்டேன்” என்று தலையில் அடித்துக்கொண்டான்.

அப்போது தங்கை மட்டையைத் தொட்டியில் போட்டாள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு நேராக அவன் முன்னால் வந்து நின்றாள்.

“ஒன்னு கேக்கலாமா?”

“கேளுங்க.”

“இதுல ஒன்னு ஒங்க வூட்டுச் செவுத்துல தொங்குதாமே, நெசமா?”

“தொங்குது” என்றான் பெருமையாக. எனக்கும் உள்ளே பெருமை.

“ஏழு வருசமா இந்த வூட்ல வெள்ளிக்கெழம எதுன்னு பக்கத்து வூட்ல போயித்தான் கேக்கறேன். இன்னிக்கு நீங்க என்ன இந்தக் கோலத்துல பாத்ததும் இதாலதான். நான் அங்க வந்தா அது தொங்கக் கூடாது. முடியுமா முடியாதா, இப்பவே சொல்லிடுங்க.”

நான் அவனைப் பார்த்தேன். எதிர்த்து ஒரு வார்த்தை, கொஞ்சம் தயக்கம், ஒரு பெருமூச்சு, எது வந்தாலும் எனக்குப் போதும் என்று பார்த்தேன். கல்யாணத்துக்கு ஊதப் போன இடத்தில்கூட மனசுக்குள் ராகம் எண்ணினேன் என்றவன் அவன். ஒரு வருஷம் முழுக்க எழுபத்திரண்டையும் ஊதிப் பார்க்கிறேன் என்று என் கையில் அடித்துச் சொன்னவன்.

“கெடக்குது, கழட்டிடறேன்” என்றான்.

கண்ணைக்கூட இமைக்கவில்லை. அவன் அம்மா சிரித்தாள். அம்மாவும் நிலைப்படியை விட்டுவிட்டுச் சிரித்தாள். தங்கை மட்டும் சிரிக்கவில்லை. காபி போட உள்ளே போனாள். போகும்போது அவள் காது மடல் சிவந்திருந்ததைப் பார்த்தேன். சந்தோஷப்பட வேண்டிய மனிதன் நான். சந்தோஷம்தான் பட்டேன். அதற்குக் கீழே ஒரு முள் மாதிரி அது குத்திக்கொண்டே இருந்தது.

வண்டி வரைக்கும் போய் அவனைத் தனியே மடக்கினேன். “ஏம்ப்பா, ஒரு பேச்சுக்காவது யோசிக்கறேன்னு சொல்லக் கூடாதா?”

“அண்ணே, நீங்க சொல்றது நல்லாதான் இருக்குது. ஆனா கேட்டுட்டு வூட்டுக்குப் போயி யோசிக்கணும். ஒங்க தங்கச்சி சொன்னது அங்கயே புரிஞ்சிடுச்சி.” வண்டியில் கால் வைத்தவன் திரும்பி, “அந்தத் தாள நான் தூக்கிப் போட மாட்டேண்ணே. மடிச்சி வச்சிக்குவேன்” என்றான். மடித்து வைத்த காலண்டரை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?

பத்து நாள் கழித்துக் கல்யாணத் தேதி குறிக்க எங்கள் வீட்டில் கூடினார்கள். இரண்டு அம்மாக்களும் மாமாவும் பஞ்சாங்கத்தை நடுவில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். நானும் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். அம்மா என்னைப் பார்த்தாள். “டேய், நீ போயி வெத்தல வாங்கியா” என்றாள். தட்டில் வெற்றிலை இருக்கிறதே என்றேன். “அது போதாது” என்றாள். மாமா வாயைப் பொத்திக்கொண்டு பஞ்சாங்கத்தைப் புரட்டினார். உள்ளேயிருந்து தங்கையின் சிரிப்புச் சத்தம் கேட்டது. அவள் அப்படிச் சிரித்து வெகு நாள் ஆகியிருந்தது.

வாங்கிக்கொண்டு திரும்பியபோது முடிந்திருந்தது. வைகாசியில், வளர்பிறையில், ஒரு ஞாயிற்றுக்கிழமை. எல்லாரும் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் வெற்றிலையைத் தட்டில் வைத்துவிட்டு விரலை மடக்கி எண்ணினேன். சித்திரை ஒன்றிலிருந்து முப்பத்தெட்டாம் நாள். தோடி, மூன்றாம் நாள். அது வருஷத்தின் முதல் பாதி. பழைய தாளிலும் அதே நாள்தான், புதுத் தாளிலும் அதே நாள்தான். ஐந்து நாளை எங்கே வைத்தாலும் மாறாது. யாரும் தவற வழியே இல்லை. அன்றைக்கு ஒரு தரம் என்னைக் கேட்டிருக்கலாம்.

கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.